சுமித்திரா அக்காவின் வீட்டுச் சத்தங்கள்

மாரியில் எங்கள் ஊரில் ஒலிப்பதிவு செய்வது சிரமமான வேலை. வயலில் தண்ணீர் நின்றால் தவளைகள் விடாது. தகரக் கூரையில் மழை விழுந்தால் பக்கத்தில் இருப்பவர் பேசுவதே கேட்காது. கோடையில் காற்று. அறுவடைக் காலத்தில் நெல் வெட்டும் மெசின். வீட்டிலிருந்து வேலை செய்வது சுகம் என்று கொழும்பில் இருப்பவர்கள் சொல்வார்கள். அவர்களுடைய வீட்டைச் சுற்றி ஸ்கந்தபுரம் இல்லை.

ஐயா, வாக்குமூலத்தை முதலிலிருந்து எழுதச் சொன்னீர்கள். என் தொழில் என்னவென்று தெரியாமல் மற்றதை விளங்கிக்கொள்ள முடியாது என்பதால் அதிலிருந்தே தொடங்குகிறேன். நான் பொட்காஸ்ட் நிகழ்ச்சிகளின் ஒலியைத் தொகுப்பவன். மற்றவர்கள் பேசுவார்கள். அந்தப் பேச்சிலிருந்து வேண்டாதவற்றை நான் எடுத்துவிடுவேன். இருமல், நாய் குரைப்பு, மின்விசிறி, கதிரை இழுபடுவது, பேசுபவர் தடுமாறும் இடங்கள். கேட்பவர்களுக்கு நான் ஒருவன் இருப்பதே தெரியக்கூடாது. தெரியாமல் இருந்தால் வேலை சரி.

எங்கள் நிறுவனத்தை நடத்துபவர் ஜெயரூபி அக்கா. ரொறன்ரோவில் இருக்கிறார். கிளிநொச்சியில் ஒரு கடைக்கு மேலே எங்களுக்குச் சிறிய ஸ்டூடியோ இருந்தது. பெற்றோல் தட்டுப்பாட்டுக் காலத்தில் யாராலும் வரமுடியாமல் போனபோது எல்லோரையும் வீட்டிலிருந்தே செய்யச் சொன்னார். என் அறையின் சுவர்களில் பழைய மெத்தைகளைச் சாய்த்து வைத்தேன். பெற்றோல் திரும்பி வந்த பிறகும் யாரும் ஸ்டூடியோவுக்குத் திரும்பவில்லை. அப்படியே பழகிவிட்டது.

எங்கள் நிகழ்ச்சிகளில் அதிகம் பேர் கேட்டது 'பின்னேரத் தேத்தண்ணி'. ஜெயரூபி அக்காவும் சுமித்திரா அக்காவும் பேசிக்கொள்ளும் நிகழ்ச்சி. சமையல், பிள்ளைகள், ஊர்க் கதை. இங்கே பின்னேரமாக இருக்கும்போது ரொறன்ரோவில் விடிந்திருக்கும். இருவரும் இணையத்தில் தொடர்புகொண்டு பேசுவார்கள்.

சுமித்திரா அக்காவின் வீடு ஒட்டுசுட்டானுக்கு உள்ளே, காட்டோரமாக இருந்தது. அவருடைய பெற்றோர் எழுபத்தேழுக் கலவரத்தில் மலையகத் தேயிலைத் தோட்டத்தை விட்டு வன்னிக்கு வந்தவர்கள். முன்பள்ளியில் படிப்பித்துக்கொண்டிருந்தவரை ஒரு பயிற்சி வகுப்பில் குரல் கேட்டு ஜெயரூபி அக்கா எடுத்தார். அது எடுக்கத் தகுந்த குரல்தான். ஆனால் வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு யாழ்ப்பாணப் பக்கத் தமிழைக் கேட்டால்தான் வீட்டு நினைவு வரும் என்பது ஜெயரூபி அக்காவின் கருத்து. ஆகவே சுமித்திரா அக்கா நிகழ்ச்சியில் 'ஓம்' என்பார். தவறி 'ஆமா' வந்துவிட்டால் நான் வெட்டிவிடுவேன். கொஞ்ச நாளில் வெட்டத் தேவையில்லாமல் அவரே திருத்திக்கொண்டார்.

இன்னொரு விடயத்தையும் நீங்கள் விளங்கிக்கொள்ள வேண்டும். இருவரும் பேசும்போது ஒருவருக்கொருவர் கேட்பது இணையத்தில் போகும் குரல். அதிலே பின்னணிச் சத்தங்களை மென்பொருளே அடக்கிவிடும். நிகழ்ச்சிக்கு நாங்கள் பாவிப்பது அதுவல்ல. அவரவர் பக்கத்தில் அவரவர் குரல் தனியாகப் பதிவாகி, நேரே எங்கள் சேமிப்புக்கு வந்து சேரும். அதை மூலக் கோப்பு என்போம். அதில் எதுவும் அடங்கியிருக்காது. வீட்டில் என்ன சத்தம் உண்டோ அவ்வளவும் இருக்கும். ஜெயரூபி அக்கா மூலக் கோப்புகளைக் கேட்பதில்லை. கேட்பவன் நான் மட்டும்தான்.

முதல் நாள் அதை ஒரு தேநீர்க் கோப்பை விழுந்த சத்தம் என்று நினைத்தேன். முருங்கையிலை வறை பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். ஜெயரூபி அக்காவின் வீட்டில் யாரோ கதவைத் தட்டியதால் அவர் எழுந்துபோனார். சுமித்திரா அக்காவின் பக்கத்தில் ஒரு ஆண் குரல் வந்தது.

"சோறு எங்க?"

"பேசிக்கிட்டு இருக்கேன். அஞ்சு நிமிசம்."

பிறகு அந்தச் சத்தம். ஜெயரூபி அக்கா திரும்பி வந்து, "ஆ, சொல்லுங்கோ," என்றார். சுமித்திரா அக்கா சொன்னார்: "ஓம் அக்கா. தேங்காய்ப்பூவைக் கடைசியிலதான் போடவேணும். முதலே போட்டால் ஈரமாய்ப் போயிடும்."

நான் பின்னுக்குப் போய் அந்த இடத்தைத் திரும்பக் கேட்டேன். பிறகு வெட்டினேன். இரண்டு பக்கமும் நன்றாகப் பொருந்தியது. அவர் குரல் கொஞ்சமும் நடுங்கியிருக்கவில்லை. அதனால் ஒட்டுவது சுலபமாக இருந்தது.

அன்றைக்கே யாரிடமாவது சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் நினைக்கலாம். எங்கள் ஒழுங்கையிலேயே இப்படியான வீடுகள் இருக்கின்றன. எல்லோருக்கும் தெரியும். யாரும் சொல்வதில்லை. மற்றவர்கள் வேலியால் கேட்டார்கள், நான் ஹெட்போனால் கேட்டேன்.

அதற்குப் பிறகு நான் அவருடைய கோப்புகளைக் கடைசிவரை கேட்கத் தொடங்கினேன். பேச்சு முடிந்ததும் அவர் பதிவை உடனே நிறுத்துவதில்லை. மறந்துவிடுவார். எழுந்து போய் அடுப்பு மூட்டுவார். மகளைக் கூப்பிட்டுத் தலை வாரிவிடுவார். மகளுக்கு ஏழு வயது, சளிப் பிடித்த மாதிரி எப்போதும் ஒரு மூக்குச் சத்தம். அப்போது அவர் பேசுவது நிகழ்ச்சித் தமிழ் அல்ல, அவருடைய வீட்டுத் தமிழ். மெதுவாகப் பாடவும் செய்வார். வேலை முடிந்த பிறகு இந்தப் பகுதிகளை நான் கேட்டுக்கொண்டிருப்பேன். கணவர் சஜீவன் டிப்பரில் மணல் ஏற்றுபவர். அவருடைய மோட்டார் சைக்கிள் வரும் சத்தத்தை வைத்து அன்றைக்குக் குடித்திருக்கிறாரா இல்லையா என்று என்னால் சொல்ல முடிந்தது. குடித்திருந்தால் படலையைத் திறக்க முன்னரே இயந்திரத்தை நிறுத்திவிடுவார்.

தவறாக நினைக்கவேண்டாம். அவர் என்னைத் தம்பி என்பார், நான் அவரை அக்கா என்பேன். அதற்கு மேல் ஒன்றுமில்லை. என் வீட்டில் நானும் அம்மாவும் மட்டும். அம்மாவுக்கு யுத்தத்தின் கடைசி மாதங்களில் காது போய்விட்டது. எங்கள் வீட்டில் பேச்சுச் சத்தம் கிடையாது. என் சட்டத்தரணி இதைப் பெரிதாக எழுதச் சொன்னார். நான் சிறிதாகத்தான் எழுதுகிறேன். ஏனென்றால் காது போன அம்மாக்கள் நிறையப் பேருக்கு இருக்கிறார்கள்.

ஒருநாள் சுமித்திரா அக்கா கேட்டார்: "தம்பி, பேசி முடிஞ்ச பெறகு பதிவாகுறதையும் நீங்க கேப்பீங்களா?"

"இல்லை அக்கா. அதைப் பார்க்காமலே வெட்டிப்போடுவன்."

"அப்ப சரி," என்றார். அவர் நிம்மதியடைந்தாரா ஏமாற்றமடைந்தாரா என்று அந்தக் குரலில் எனக்குத் தெரியவில்லை. எனக்குத் தெரியாமல் போனது அந்த ஒரு தடவைதான்.

போன வருடம் ஜெயரூபி அக்கா புதிய ஒழுங்கு ஒன்று கொண்டுவந்தார். வீட்டிலிருந்து வரும் ஒலி சில நிகழ்ச்சிகளில் தரமாக இல்லை, அப்படியானவர்கள் கிழமையில் சில நாட்கள் கிளிநொச்சி ஸ்டூடியோவுக்கு வந்து பதிவுசெய்ய வேண்டும், மற்றவர்கள் வீட்டிலிருந்தே தொடரலாம் என்றார். யார் வருவது என்பதைத் தீர்மானிக்க ஒரு கூட்டம் வைப்பதாகவும் சொன்னார்.

கூட்டத்துக்கு முதல்நாள் எனக்குத் தெரியாத இலக்கத்திலிருந்து அழைப்பு வந்தது. சுமித்திரா அக்கா. செல்வராசா என்பவரின் கடை அவர்களுடைய வீட்டுக்குக் கூப்பிடு தூரத்தில் இருந்தது. அந்தக் கடைக்காரரின் போனில் பேசினார்.

"தம்பி, எங்க வீட்டு ஒலி சரியில்லன்னு ஜெயரூபி அக்காகிட்ட சொல்லிருங்க."

"ஏன் அக்கா? நல்லாத்தானே இருக்கு."

பின்னால் யாரோ பருப்பு விலை கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"ஆபீசுல வரச் சொல்லிட்டாங்கன்னா அவரு வேணாங்க மாட்டாரு. சம்பளம் வேணுமில்ல. நானா கேட்டா விட மாட்டாரு. கொஞ்சம் வெளிய வந்துட்டா, தம்பி, நாலு பேரைப் பாத்து என்னா செய்யலாம்னு கேக்கலாம்."

"விளங்குது அக்கா."

"சொல்லுவீங்களா?"

"சொல்லுறன்."

கூட்டத்தில் ஜெயரூபி அக்கா திரையில் இருந்து கேட்டார்: "கிருசாந்தன், மூலக் கோப்புகளைக் கேக்கிறது நீங்கள் ஒராள்தான். ஆரார் வரவேணும் எண்டு நீங்களே சொல்லுங்கோ."

பரந்தனில் இருந்து விளையாட்டு நிகழ்ச்சி செய்யும் திலீபனின் பெயரைச் சொன்னேன். அவனுடைய வீடு ரயில் பாதைக்குப் பக்கத்தில்.

"சுமித்திரா?"

"சுமித்திரா அக்கான்ர பக்கம் ஒரு பிரச்சினையும் இல்லை. எல்லாரிலயும் சுத்தமான ஒலி அவாவின்ரதான்."

"நல்லதாப் போச்சு. பாவம், அவ்வளவு தூரம் பஸ்ஸில அலையத் தேவையில்லை."

நானும் அப்படித்தான் யோசித்தேன். மாங்குளம் வந்து பஸ் மாறவேண்டும். திரும்பிப் போகும்போது இருட்டிவிடும், அந்தப் பாதையில் யானை நிற்கும். மகள் தனியாக இருப்பாள். நியாயமான காரணங்கள்தான் இவை. இவற்றோடு ஸ்டூடியோவில் பதிவு செய்தால் ஒலி சுத்தமாக வரும் என்பதையும் சொல்லவேண்டும். பேச்சு முடிந்ததும் அங்கே இருக்கப்போகும் ஒலிப் பொறியியலாளர் நிறுத்திவிடுவார். அடுப்பு மூட்டும் சத்தம் வராது. மகள் வரமாட்டாள். தொகுப்பதற்கும் பெரிதாக ஒன்றும் இருக்காது.

சுமித்திரா அக்காவிடம், "சொன்னனான் அக்கா, ஜெயரூபி அக்கா ஏத்துக்கொள்ளேல்லை," என்றேன். "பரவாயில்ல தம்பி, நீங்க சொன்னீங்களே, அது போதும்," என்றார்.

அதன்பிறகு மூலக் கோப்புகளின் கடைசியில் அவர் எனக்காகப் பேசத் தொடங்கினார். நான் கேட்பதில்லை என்று சொன்னதை அவர் நம்பவில்லை போலும். அல்லது வேறு வழி இருக்கவில்லை.

"தம்பி, இத வெட்டாதீங்க. வச்சிருங்க. இன்னிக்கு வேணும்னுதான் நிறுத்தாம விட்டிருக்கேன். அவரு வந்த பெறகு நடக்குறது எல்லாம் இதுல வரும். போனை அவரு தெனமும் பாக்குறாரு, கம்ப்யூட்டர்ல என்னா நடக்குதுன்னு அவருக்குத் தெரியாது. சாட்சி இருந்தா கோட்டுல பாதுகாப்புக் கட்டளை எடுக்கலாம்னு பிரதேச செயலகத்துல ஒரு கூட்டத்துல சொன்னாங்க."

தன் அக்கா விமலேஸ்வரியின் இலக்கத்தை அந்தப் பதிவிலேயே சொல்லியிருந்தார். அவர் வவுனியாவில் ஆடைத் தொழிற்சாலையில் வேலை செய்பவர். சஜீவனைக் கல்யாணம் செய்யவேண்டாம் என்று தடுத்தவர். அதிலிருந்து அக்காவுக்கும் தங்கைக்கும் பேச்சுவார்த்தை இல்லை. "நான் பேசுனா கோவத்துல வச்சிருவாங்க தம்பி. இதக் கேட்டா வருவாங்க. வந்து எங்க ரெண்டு பேரையும் கூட்டிக்கிட்டுப் போவாங்க. நீங்க எல்லாத்தையும் அவங்களுக்கு அனுப்பிருங்க."

அந்தக் கிழமையும் அடுத்தடுத்த கிழமைகளும் அவர் பதிவை நிறுத்தவில்லை. எல்லாம் வந்து சேர்ந்தது. என்ன வந்தது என்று கேட்டால், ஒரு வீட்டில் என்னவெல்லாம் நடக்கக்கூடுமோ அதெல்லாம். சஜீவன் கெட்ட வார்த்தை அதிகம் பேசுபவர் அல்லர். அமைதியாகக் கேள்வி கேட்பார். பதில் வர முன்னரே அடிப்பார். மகள் மேசைக்குக் கீழே போய் இருப்பாள் என்று நினைக்கிறேன், அவளுடைய மூக்குச் சத்தம் மைக்குக்கு மிக அருகில் கேட்கும்.

நான் ஒன்றையும் அனுப்பவில்லை.

அனுப்புவதற்கு ஆயத்தம் செய்தேன் என்பதையும் பதிவுசெய்து கொள்ளுங்கள். இலக்கத்தைப் போனில் சேமித்தேன். ஒரு கோப்பைத் தெரிவும் செய்தேன். பிறகு யோசித்தேன். அக்கா வருவார், கூட்டிக்கொண்டு போவார். வவுனியாவில் ஒரு வாடகை அறையில் மூன்று பேர் இருந்துகொண்டு யார் நிகழ்ச்சி செய்வது? கோபத்தில் எடுக்கும் முடிவு நிலைக்காது, கொஞ்சம் ஆறப்போடுவோம் என்று நினைத்தேன். சுமித்திரா அக்கா இல்லாத பின்னேரத்தை நினைத்துப் பார்த்தேன் என்பதும் உண்மை. தவளைகள்தான் இருக்கும்.

அடுத்த முறை கடைப் போனில் அழைத்தார்.

"அனுப்பிட்டீங்களா தம்பி?"

"அனுப்பீட்டன் அக்கா."

"பாத்துட்டாங்களா?"

"ஓம், வாட்ஸ்அப்பில நீலக்கோடு விழுந்திருக்கு."

இந்த இரண்டாவது பொய் தேவையில்லாதது. முதல் பொய்யே போதும். ஏன் சொன்னேன் என்று யோசித்தேன். அவருக்கு ஆறுதலாக இருக்கட்டும் என்றுதான் சொல்லியிருப்பேன்.

"பதில் ஒன்னும் வரலியா?"

"இன்னும் இல்லை."

"சரி. கோவம் ஆறட்டும்," என்றார்.

அதன்பிறகு ஒவ்வொரு முறையும் கேட்டார். பிறகு கேட்பதை விட்டுவிட்டார். ஒரு பதிவின் முடிவில் மகளிடம், "பெரியம்மா வரமாட்டாங்கடா, அவங்களுக்கு அவங்க வேலை," என்று சொல்வது கேட்டது. அன்றைய நிகழ்ச்சி மாங்காய் ஊறுகாய் பற்றியது. மிக நன்றாக வந்தது. மெல்பேர்னில் இருந்து ஒரு பெண் எழுதியிருந்தார், உங்கள் சிரிப்பைக் கேட்கத்தான் நான் உயிரோடு இருக்கிறேன் என்று.

கடைசி நாளைப் பற்றி இனி எழுதுகிறேன்.

அன்று ஜெயரூபி அக்காவோடு பேச்சு முடிந்த பிறகும் அவர் பதிவை நிறுத்தவில்லை. கோப்பு எங்கள் சேமிப்புக்கு வந்துகொண்டே இருந்தது. வந்து முடியும்வரை நான் காத்திருப்பதில்லை. வரவரக் கேட்பேன். மகள் டியூஷனுக்குப் போயிருந்தாள். மோட்டார் சைக்கிள் வந்தது. படலைக்கு வெளியே நின்றது.

சஜீவன் அறைக்குள் வந்ததும் மைக்கில் எரியும் சிவப்பு வெளிச்சத்தைக் கண்டிருக்கிறார்.

"யாருகிட்ட பேசுற?"

"யாருகிட்டயும் இல்ல."

"அப்ப இது என்னா?"

சுமித்திரா அக்கா அவரிடம் அப்படிப் பேசி நான் அதற்கு முன் கேட்டதில்லை. குரலை உயர்த்தவில்லை. "எல்லாம் பதிவாகுது. இத்தன நாளும் நீ அடிச்சது எல்லாம் விமலா அக்காகிட்ட இருக்கு. அவங்க கேட்டுட்டாங்க. இனி கை வச்சுப் பாரு."

சஜீவன் மைக்கின் வயரைப் பிடுங்கினார். வெளிச்சம் அணைந்ததும் எல்லாம் நின்றுவிட்டது என்று நினைத்திருப்பார். ஆனால் மைக் போனால் கணினி தன்னுடைய சிறிய மைக்குக்கு மாறிக்கொள்ளும். ஒலி தூரமாகியது, அவ்வளவுதான். பதிவு நிற்கவில்லை.

அவர் சுமித்திரா அக்காவின் போனை எடுத்து விமலேஸ்வரிக்கு அழைத்தார். ஸ்பீக்கரில் போட்டார்.

"யாரு?"

"நான்தான் சஜீவன். ஒங்க தங்கச்சி ஒங்களுக்கு ஏதோ பதிவு அனுப்பியிருக்காளாமே."

"என்னா பதிவு? எனக்கு ஒன்னும் வரலியே. ஏன், அவ நல்லா இருக்காளா?"

"நல்லா இருக்கா," என்று சொல்லி வைத்துவிட்டார்.

பிறகு சுமித்திரா அக்கா, "தம்பி அனுப்பலியா," என்றார். கணவரிடம் சொல்லவில்லை. கேள்வியாகவும் சொல்லவில்லை. ஏதோ கணக்குப் பார்த்து முடித்த மாதிரிச் சொன்னார்.

அதற்குப் பின் நடந்ததை நான் எழுதத் தேவையில்லை. மருத்துவ அறிக்கை உங்களிடம் இருக்கிறது. தான் ஒட்டுசுட்டான் சந்தியில் நின்றதாகவும், திரும்பி வந்தபோது மனைவி குசினி வாசலில் வழுக்கி விழுந்து கிடந்ததாகவும் சஜீவன் சொன்னார். அவர் திரும்பி வர முன்னர் மகள் வந்து கண்டிருக்கிறாள். அதை நான் பிறகுதான் அறிந்தேன்.

ஜெயரூபி அக்கா அழுதுகொண்டு எனக்கு அழைத்தார். மரண விசாரணையில் சுமித்திராவின் கடைசிப் பதிவைக் கேட்கிறார்கள், அனுப்பிவிடுங்கள் என்றார். பேச்சு முடியும் இடத்தில் வெட்டி, சுத்தம் செய்து அனுப்பினேன். ஒலிபரப்புக்குக் கொடுக்கும் தரத்தில் இருந்தது. அதில் சுமித்திரா அக்கா நன்றாகச் சிரிக்கிறார். அன்றைக்கு வீட்டில் சண்டை ஏதும் இருந்ததாகத் தெரியவில்லை என்று எல்லோரும் முடிவுக்கு வர அது உதவியது. சஜீவன் வீட்டுக்குப் போனார். மகள் இப்போது அவரோடுதான் இருக்கிறாள்.

பிறகு ஜெயரூபி அக்கா ஒரு நினைவு நிகழ்ச்சி வேண்டும் என்றார். என்னிடம் நிறைய ஒலி இருந்தது. அவர் பாடிய இடங்கள், மகளோடு பேசிய இடங்கள். அவருடைய வீட்டுத் தமிழை இந்த முறை நான் வெட்டவில்லை. எங்கள் நிகழ்ச்சிகளிலேயே அதிகம் பேர் கேட்டது அதுதான். இப்படியொரு அழகான குரலை இத்தனை நாள் ஏன் மறைத்தீர்கள் என்று பலர் எழுதினார்கள்.

நான் எதிர்பார்க்காத ஒரே ஆள் விமலேஸ்வரி அக்கா. பதிவுகள் யாரிடம் இருந்தன என்று ஜெயரூபி அக்காவிடம் விசாரித்துக்கொண்டு ஒருநாள் காலையில் ஸ்கந்தபுரத்துக்கே வந்துவிட்டார். அம்மா அவரை யாரென்று தெரியாமல் உள்ளே கூப்பிட்டுத் தேநீர் கொடுத்தார். அவர் தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு என் அறை வாசலில் நின்றார். குரல் தங்கையின் குரல் மாதிரியே இருந்தது. கொஞ்சம் தடிப்பு.

"தம்பி, என் தங்கச்சி எனக்கு என்னா அனுப்பச் சொன்னா?"

"ஒண்டும் இல்லை அக்கா. ஏதோ சமையல் குறிப்பு எண்டு நினைக்கிறன்."

"அன்னிக்கு அவரு போன் பண்ணுனப்ப பின்னால அவ மூச்சு விட்டது எனக்குக் கேட்டுச்சு. எனக்கு ஒன்னும் வரலன்னு நான் சொன்னேன். அப்ப அந்த மூச்சு நின்னுச்சு. நான் சொன்னதுல தப்பு என்னான்னு தெரியாம எனக்குத் தூங்க முடியல."

"நீங்கள் ஒரு பிழையும் செய்யேல்லை அக்கா," என்றேன். அது உண்மையும்தான்.

அவர் என் மேசையையும் மெத்தைகளையும் பார்த்தார். ஹெட்போனைப் பார்த்தார். தேநீரைக் குடிக்காமல் வைத்துவிட்டுப் போனார். அங்கிருந்து நேரே உங்களிடம்தான் வந்திருக்கிறார் என்று நினைக்கிறேன்.

நீங்கள் கேட்ட முதல் கேள்விக்கு விடை இது. மூலக் கோப்புகள் இல்லை. விசாரணைக்கு அந்தச் சுத்தமான கோப்பை அனுப்பிய அன்றே கடைசி நாள் கோப்பை அழித்தேன். நினைவு நிகழ்ச்சியை முடித்துக் கொடுத்த பிறகு மற்றவை எல்லாவற்றையும் அழித்தேன். நிறுவனத்தின் சேமிப்பிலும் அழித்தேன். அதற்கான அனுமதி என்னிடம் மட்டுமே இருந்தது. மீட்கமுடியாதபடி அழிப்பது எப்படியென்று எனக்குத் தெரியும். உங்கள் ஆட்கள் முயன்று பார்க்கலாம், ஆனால் கிடைக்காது. சஜீவனுக்கு எதிராக இனி இருப்பது நான் எழுதும் இந்தத் தாள்கள் மட்டும்தான். எழுதுபவன் ஒரு பொய்யன் என்று அவருடைய சட்டத்தரணி நீதிமன்றத்தில் சுலபமாகக் காட்டிவிடுவார். அதற்கு வேண்டிய எல்லாவற்றையும் நானே மேலே எழுதியிருக்கிறேன். அந்தப் பிள்ளையை அந்த வீட்டிலிருந்து எடுப்பதற்கு இது போதாது என்று நீங்களே நேற்றுச் சொன்னீர்கள்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு இன்னும் பதில் எழுதவில்லை. அந்த நேரம் நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று கேட்டீர்கள்.

சஜீவன் போன பிறகும் பதிவு ஓடியது. மோட்டார் சைக்கிள் தூரமாகப் போனது கேட்டது. அதன்பிறகு அறையில் ஒரே ஒரு சத்தம்தான் இருந்தது. சுமித்திரா அக்கா மூச்சு விட்டுக்கொண்டிருந்தார். தரையில் இருந்திருப்பார், ஒலி கீழிருந்து வந்தது. செல்வராசாவின் கடை இலக்கம் என் போனில் இருந்தது. அவர் நடந்து வந்திருந்தாலும் சீக்கிரம் வந்திருப்பார். நான் போனைக் கையில் எடுத்தேன். உங்களுக்கு எப்படித் தெரியும் என்று அவர் கேட்டால் என்ன சொல்வது என்று யோசித்தேன். போனைக் கீழே வைத்தேன்.

அவர் ஒருமுறை "தம்பி" என்றார். மிக மெல்லியதாக. முதலில் எனக்குச் சந்தேகமாக இருந்தது. ஹெட்போனைச் சரிசெய்து ஒலியைக் கூட்டினேன். வெளியே அம்மா முற்றம் கூட்டிக்கொண்டிருந்தார். நான் எழுந்து போய் யன்னலைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தேன். இருட்டத் தொடங்கும்வரை அவருடைய மூச்சு இருந்தது. இடைவெளிகள் நீண்டுகொண்டு போயின. பிறகு இடைவெளி மட்டும் இருந்தது. அதையும் கொஞ்ச நேரம் கேட்டேன்.

விமலேஸ்வரி அக்காவை நீங்கள் திரும்பச் சந்தித்தால் ஒன்று சொல்லுங்கள். அவருடைய தங்கை தனியாகப் போகவில்லை. அந்த வீட்டில் சுமித்திரா அக்காவைக் கடைசிவரை கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தவன் நான் ஒருவன்தான்.